குக்கர் ஆவியும் நான் சொல்லாமல் விட்டதும்

கொஞ்சம் நீளமான பதிவு. சாப்பிட்டுவிட்டு ஓய்வாக இருக்கும்போது படியுங்கள்.

சென்ற மாதம் மகள் எங்களுக்கு ஒரு எலெக்ட்ரிக் பிரஷர் குக்கர் வாங்கி அனுப்பினாள். ரைஸ் குக்கர் இல்லை, அது வேறு. இது பிளக்கில் சொருகி, மூடியைப் பூட்டி, பட்டனை அமுக்கிவிட்டால் தானே பிரஷர் ஏற்றி, தானே நேரம் பார்த்து, தானே நிறுத்திக்கொள்வது. 2010-ல் கனடாக்காரர் ஒருவர் கொண்டுவந்த 'இன்ஸ்டன்ட் பாட்' அமெரிக்காவில் அப்படிப் பரவிவிட்டது. எந்தக் கம்பெனி குக்கராக இருந்தாலும் அங்கே பலர் அந்தப் பெயரைத்தான் சொல்கிறார்கள், நாம் எல்லா நகலையும் ஜெராக்ஸ் என்பது போல. என் மனைவிக்கு முழங்கால் அறுவைச் சிகிச்சை முடிந்து மூன்று மாதம் ஆகிறது. அடுப்படியில் அதிக நேரம் நிற்கக் கூடாது. அதனால் சமையல் இப்போது என் பொறுப்பு. 72 வயதில் பருப்பு வேகவைக்கப் படித்துக்கொண்டிருக்கிறேன்.

பார்சல் வந்த அன்று மகள் வீடியோவில் வந்து எல்லாவற்றையும் விளக்கினாள். கடைசியில் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "அப்பா, அம்மாவை மட்டும் இதுகிட்ட விடாதீங்க. அவங்களுக்கு இது சரிப்படாது. அன்னைக்கு என்ன ஆச்சுன்னு ஞாபகம் இருக்குல்லா?" என்றாள்.

அவள் தாழ்த்தினாலும் என் போனில் சத்தம் முழுதாக வைத்திருந்தேன். பக்கத்துக் கட்டிலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தவளுக்கு ஒரு வார்த்தை விடாமல் கேட்டது. அவள் ஒன்றும் சொல்லவில்லை. நானும் "சரிம்மா" என்று சொல்லி போனை வைத்துவிட்டேன். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

2018-ல் மகளின் இரண்டாவது பிரசவத்துக்காக நாங்கள் இருவரும் நியூ ஜெர்சிக்குப் போயிருந்தோம். எடிசன் என்ற ஊர். தெருவுக்கு நாலு இந்தியக் குடும்பம் இருக்கும். கறிவேப்பிலையிலிருந்து நல்லெண்ணெய் வரை எல்லாம் கிடைக்கும். ஆனால் மகள் வீட்டில் விசில் குக்கர் இல்லை. ஒரு பெரிய எலெக்ட்ரிக் குக்கர் மட்டும்தான். என்ன கம்பெனி என்பது வேண்டாம், குற்றம் அதன் மேல் இல்லை.

நாற்பது வருடம் விசில் எண்ணிச் சமைத்தவள் என் மனைவி. பருப்புக்கு நாலு, கிழங்குக்கு மூன்று, கொண்டைக்கடலைக்கு எட்டு. கொல்லையில் துணி காயப்போட்டுக்கொண்டே எண்ணுவாள். நடுவில் பக்கத்து வீட்டுக்காரம்மாவுடன் பேசுவாள், கணக்குத் தப்பாது. அப்படிப்பட்டவள் முன்னால் ஊமைப் பாத்திரம் ஒன்றை வைத்தால்? "ஏங்க, இது மூச்சே விட மாட்டேங்கே. உள்ள வேகுதா, தூங்குதான்னு எப்படித் தெரியும்?" என்று முதல் நாள் கேட்டாள். ஆனால் ஒரு வாரத்தில் பழகிவிட்டாள். மகள் சொல்லிக் கொடுத்தபடி, சமையல் முடிந்து 'பீப்' அடித்த பிறகு தொடவே மாட்டாள். மூடியில் இருக்கும் சின்ன ஊசி தானாகக் கீழே இறங்கும்வரை காத்திருப்பாள். அவள் ஒழுங்காகத்தான் செய்தாள். இதை நன்றாக மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

குழந்தை பிறந்து இரண்டு வாரம் இருக்கும். பன்னிரண்டு மணிக்குக் குழந்தையை டாக்டரிடம் கொண்டுபோக வேண்டும். எல்லோரும் சாப்பிட்டுவிட்டுக் கிளம்ப வேண்டும் என்று மருமகன் சொல்லியிருந்தார். சாம்பாருக்குத் துவரம்பருப்பு, இரண்டு நாளைக்குச் சேர்த்து, முக்கால் பாத்திரத்துக்கு மேல் இருந்தது. பீப் அடித்துவிட்டது. முடிந்து எத்தனை நிமிடம் ஆயிற்று என்று காட்டும் விளக்கில் 6 என்று இருந்தது. எனக்குப் பசி. சர்க்கரை மாத்திரை போட்டிருந்தேன். அதுகூடச் சாக்குத்தான், பொறுமை இல்லை என்பதே உண்மை.

"திறந்து விட்டுற வேண்டியதுதான?" என்றேன்.

"இன்னும் ஊசி இறங்கல. கொஞ்சம் பொறுங்க."

அப்போது நான் ஒரு பிரசங்கம் செய்தேன். நம் வீட்டுக் குக்கரில் வெயிட் தூக்கும்போது உள்ளே கூடுதல் அழுத்தம் ஒரு சதுர சென்டிமீட்டருக்குச் சுமார் ஒரு கிலோ. இதில் முக்கால் கிலோதான். அதையே கரண்டிக் காம்பால் நெம்பிவிட்டு எடுக்கிறோம், இது என்ன செய்துவிடும்? 33 வருடம் இயற்பியல் வாத்தியாராக இருந்தவன் சொன்னால் வீட்டில் யார் மறுப்பார்கள். சொல்லிக்கொண்டே கையை நீட்டி வால்வை ஒரே தள்ளாகத் தள்ளிவிட்டேன்.

அவள் அப்போது குக்கருக்கு மேலே இருந்த அலமாரியிலிருந்து பெருங்காய டப்பாவை எட்டி எடுத்துக்கொண்டிருந்தாள்.

முதலில் ஆவி. ஒரு விநாடிக்குள் அதன் பின்னாலேயே மஞ்சள் நுரை பீய்ச்சிக்கொண்டு வந்தது. வலது முன்கையின் உள்பக்கம் முழுவதும். கத்தக்கூட இல்லை அவள். பக்கத்து அறையில் குழந்தை தூங்குகிறது என்று உதட்டைக் கடித்துக்கொண்டு "அம்மா" என்று மட்டும் சொன்னாள். அவ்வளவு மெல்லிய சத்தத்தில்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? டூத் பேஸ்ட் எடுக்க ஓடினேன். அத்தனை வருடம் வகுப்பில் ஆவியின் உள்ளுறை வெப்பம் 540 கலோரி என்று கரும்பலகையில் எழுதியவன். வாடகைக்கு மேல்மாடியில் இருந்த ஒரு மலையாளி நர்ஸ் பெண், நல்ல வேளையாக அன்று வீட்டில் இருந்தாள். மகள் போன் செய்ததும் ஓடிவந்தாள். பேஸ்ட், நெய், இங்க், ஐஸ் எதுவும் கூடாது என்றாள். கையைக் குழாயடியில் பிடித்து, சாதாரணக் குளிர்ந்த தண்ணீரை இருபது நிமிடம், கடிகாரத்தைப் பார்த்து இருபது நிமிடம், ஓடவிட்டாள். அதற்கு முன்னால் அவள் செய்த முதல் வேலை வளையலைக் கழற்றியது. வீங்கிவிட்டால் பிறகு கழற்ற முடியாது, வெட்டத்தான் வேண்டும் என்றாள். கல்யாணத்தன்று போட்ட வளையல். அதைச் சோப்புப் போட்டுக் கழற்றும்போதுதான் என் மனைவி அழுதாள்.

பிறகு கொப்புளத்தை உடைக்காமல் சுத்தமான துணி வைத்து மூடி, பக்கத்தில் இருந்த கிளினிக்குக்குக் கூட்டிப்போனார்கள். ஆறு வாரத்தில் ஆறிவிட்டது. தோலில் மட்டும் ஒரு வெளுத்த திட்டு இன்றும் இருக்கிறது.

விஷயம் அதோடு முடியவில்லை. மகள் பதறி, "எப்படிம்மா ஆச்சு?" என்று கேட்டபோது நான் வாயைத் திறப்பதற்குள், "நான்தான், அவசரத்துல வால்வத் திருப்பிட்டேன்" என்று இவள் சொல்லிவிட்டாள். மருமகன் முன்னால் என்னை விட்டுக்கொடுக்கக் கூடாது என்று நினைத்திருக்கிறாள். நான் திருத்தியிருக்கலாம். ஐந்து நிமிடம் கழித்து, சாப்பிடும்போது, மறுநாள், ஊருக்குக் கிளம்பும்போது என்று எத்தனையோ சந்தர்ப்பம் இருந்தது. ஒவ்வொரு முறையும் நேரம் கடந்துவிட்டது போல இருந்தது. மருமகன் நல்ல பிள்ளை. "அத்தை, இனிமேல் நீங்க அந்தக் குக்கரைத் தொடாதீங்க" என்று அன்போடுதான் சொன்னார். மூன்று வயதுப் பேத்தி, "ஆச்சிக்குக் குக்கர் தெரியாது" என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தாள். மீதி இரண்டு மாதமும் மகள் கைக்குழந்தையை வைத்துக்கொண்டு தானே எழுந்து வந்து பருப்பு வைத்தாள். நாற்பது வருடம் எங்களுக்கெல்லாம் சோறு போட்டவள் காய் நறுக்கிக் கொடுத்துவிட்டு ஒதுங்கி நின்றாள். நான் ஹாலில் உட்கார்ந்து பேப்பர் படித்தேன்.

மகளே, நீ இதைப் படிப்பாய் என்று தெரியும். வால்வைத் தள்ளியது உன் அம்மா இல்லை. நான்.

சரி. இப்போது வாத்தியார் வேலை. என் பிரசங்கத்தில் என்ன தப்பு என்பதை என் மாணவர்களில் எத்தனை பேர் கண்டுபிடித்தீர்கள்?

அழுத்தம் குறைவு என்றது சரிதான். ஆபத்து அழுத்தத்தில் மட்டும் இல்லை, உள்ளே இருக்கும் தண்ணீரில் இருக்கிறது. அந்த அழுத்தத்தில் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்காது, சுமார் 116, 117 டிகிரி வரை கொதிக்காமலே சூடாகும். பருப்பு சீக்கிரம் வேகும் ரகசியமே அதுதான். வால்வைச் சட்டென்று திறந்தால் அழுத்தம் வெளிக்காற்றின் அளவுக்கு இறங்கும். ஆனால் தண்ணீர் இன்னும் 117-ல் இருக்கிறது. 100-க்கு மேல் இருக்கும் அந்த 17 டிகிரிச் சூட்டை அது எங்காவது தள்ளியாக வேண்டும். கொதித்துத்தான் தள்ளும். அதுவும் மேலாக அல்ல, அடியிலிருந்து மேல்வரை எல்லா இடத்திலும் ஒரே நேரத்தில். கணக்குப் போட்டுப் பாருங்கள்: ஒரு லிட்டர் தண்ணீரில் ஏறக்குறைய 30 கிராம் உடனே ஆவியாகும். 30 கிராம்தானே என்று தோன்றும். 1 கிராம் தண்ணீர் ஆவியானால் சுமார் 1.7 லிட்டர் இடம் பிடிக்கும். அப்படியானால் 50 லிட்டர் ஆவி. மூன்று லிட்டர் சாம்பார்ப் பருப்பு என்றால் 150 லிட்டர். அத்தனையும் சுண்டுவிரல் நுழையாத ஒரு ஓட்டை வழியாக ஒன்றிரண்டு நிமிடத்தில் வெளியே வரவேண்டும். வெறும் தண்ணீரானால் ஆவி மட்டும் வரும். பருப்பு, கஞ்சி, கூழ், பாயசம் இவையெல்லாம் நுரைக்கும். நுரை மேலேறி ஆவியோடு சேர்ந்து வந்துவிடும். கையில் ஒட்டிக்கொள்ளும். அதுதான் அன்று நடந்தது.

அடுத்தது, கண்ணுக்குத் தெரியும் வெள்ளைப் புகை ஆவி அல்ல, குளிர்ந்து துளியாகிவிட்ட நீர். வால்வின் வாய்க்கு நேர் மேலே ஒன்றுமே இல்லாதது போல ஒரு சின்ன இடைவெளி தெரியும் பாருங்கள், உண்மையான ஆவி அங்கேதான் இருக்கிறது. கொதிநீர் 1 கிராம் தோலில் பட்டு உடம்புச் சூட்டுக்கு இறங்கும்போது கொடுப்பது 60 கலோரி சொச்சம். 100 டிகிரி ஆவி 1 கிராம் பட்டால் 600-க்கு மேல். பத்தாம் வகுப்புப் பாடம். நான் பரீட்சைக்கு என்று நடத்தினேனே தவிர அடுப்படிக்கு என்று நடத்தவில்லை போலிருக்கிறது.

இப்போது நான் எப்படிச் செய்கிறேன் என்று சொல்கிறேன். பருப்பு, தானியம் என்றால் பாதிப் பாத்திரத்துக்கு மேல் போடுவதில்லை. மற்றவை எதுவானாலும் மூன்றில் இரண்டு பங்கோடு சரி. மேலே அலமாரி இல்லாத இடத்தில், சுவரை ஒட்டாமல், வால்வின் வாய் யார் முகத்துக்கும் நேராக இல்லாதபடி வைக்கிறேன். வயர் மேடையிலிருந்து தொங்கக் கூடாது, வீட்டில் சின்னப் பிள்ளை இருந்தால் கட்டாயம் கூடாது. பீப் அடித்ததும் 'கீப் வார்ம்' என்பதை அணைத்துவிட்டு, பருப்பாக இருந்தால் இருபது நிமிடம் அந்தப் பக்கமே போவதில்லை. பாத்திரம் நிறைந்திருந்தால் அரைமணி நேரம்கூட ஆகும். ஆகட்டும். அந்த நேரத்தில் தாளிப்புக்கு வெங்காயம் உரிக்கலாம். எனக்கு வெங்காயம் உரிக்கவே இருபது நிமிடம் ஆகிறது என்பது வேறு விஷயம்.

காய்கறி, முட்டை மாதிரி நுரைக்காத பொருள், குழைந்துவிடக் கூடாது என்றால் மட்டும் உடனே ஆவி விடலாம். அப்போதும் கையால் இல்லை. நீளமான மரக்கரண்டியின் காம்பால், பக்கவாட்டில் நின்றுகொண்டு, முகத்தைத் தள்ளி வைத்துக்கொண்டு. ஒரே தள்ளாக இல்லாமல் கொஞ்சம் திறந்து பார்க்க வேண்டும். ஆவியோடு நுரையோ கஞ்சியோ துப்பினால் உடனே மூடிவிட்டு சில நிமிடம் பொறுத்து மறுபடி. சில மாடலில் வால்வுக்குப் பதில் பட்டன் இருக்கிறது, முறை ஒன்றுதான். துண்டைப் போட்டு வால்வை மூடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். வேண்டாம், ஈரத்துண்டு வழியாகச் சூடு கைக்குத்தான் வரும். அடுப்புக் குக்கரைக் குழாயடியில் காட்டிக் குளிரவைப்போமே, அந்த வித்தையை இதில் நினைத்துக்கூடப் பார்க்காதீர்கள். கரண்ட் சாமான்.

ஊசி விஷயம்தான் முக்கியம். உள்ளே அழுத்தம் இருக்கும்வரை அது மேலே நின்று மூடியைப் பூட்டி வைத்திருக்கும். மூடி திரும்பவில்லை என்றால் பலத்தைக் காட்டாதீர்கள். மூடி 22 சென்டிமீட்டர் அகலம் என்று வைத்துக்கொண்டால் பரப்பு 380 சதுர சென்டிமீட்டர், ஒவ்வொன்றிலும் முக்கால் கிலோ. கால் டன்னுக்கு மேல் ஒரு பாரம் உள்ளிருந்து மேல்நோக்கித் தள்ளிக்கொண்டிருக்கிறது. வால்வைத் திறந்தும் ஆவி வரவில்லை, ஊசியும் இறங்கவில்லை என்றால் பருப்புத்தோல் எங்கேயோ அடைத்திருக்கிறது. பிளக்கைப் பிடுங்கிவிட்டு, முழுக்க ஆறும்வரை விட்டுவிடுங்கள். அன்றைக்கு ஹோட்டல் சாப்பாடு. ஊசி இறங்கிய பிறகும் மூடியை உங்கள் பக்கம் திறக்காமல் எதிர்ப்பக்கம் சாய்த்துத் திறங்கள். அப்படியே மூடியின் அடியில் இருக்கும் சின்னக் கம்பிவலை மூடியையும் ரப்பர் வளையத்தையும் ஒவ்வொரு முறையும் கழற்றிக் கழுவுங்கள். இதை என் மனைவி கட்டிலில் இருந்தபடியே தினமும் கேட்டுவிடுகிறாள்.

கரண்ட் போனால் என்ன ஆகும் என்று ஒரு மாணவி போனில் கேட்டாள். ஒன்றும் ஆகாது. பூட்டும் ஊசியும் ஆவி அழுத்தத்தில் இயங்குபவை, கரண்டில் அல்ல. தானாக மெல்ல ஆறும். ஆனால் அமெரிக்காவிலிருந்து யாராவது அங்கே பயன்படுத்திய குக்கரையே தூக்கிக்கொண்டு வந்தால் வாங்கி இங்கே சொருகிவிடாதீர்கள். அது 120 வோல்ட்டுக்கு. நம் 230 கொடுத்தால் ஏறக்குறைய நாலு மடங்கு சக்தி இழுக்கும்.

இந்தப் பாதுகாப்பு வால்வு என்பதைக் கண்டுபிடித்தவரைப் பற்றி வகுப்பில் சொல்லியிருக்கிறேனா என்று நினைவில்லை. பிரான்சில் பிறந்த தெனி பாப்பன். 1679-ல் லண்டனில் எலும்பையே மெதுவாக்கும் ஒரு மூடிய பாத்திரத்தைச் செய்து காட்டினார். அதில் நெம்புகோலும் எடையும் வைத்து, அழுத்தம் மிஞ்சினால் எடை தூக்கி ஆவியை விட்டுவிடும்படி செய்தார். நம் வீட்டு விசில் வெயிட் அதன் பேரப்பிள்ளை. பாத்திரம் தன் ஆவியைத் தானே விட்டுக்கொள்ள அந்த மனிதர் வழி செய்து மூன்றரை நூற்றாண்டு ஆகிறது. நடுவில் கையை நீட்ட என் மாதிரி ஆள் இருந்தால் அவர் என்ன செய்வார்.

இதை எழுதி முடித்துவிட்டு அவளுக்குப் படித்துக் காட்டினேன். கண்ணை மூடிக் கேட்டாள். மகளைப் பற்றிய இடம் வந்தபோது, "இதெல்லாம் ஊரு பாக்கப் போடணுமா?" என்றாள். போடத்தான் போகிறேன் என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். பிறகு, "பெருங்காய டப்பா இல்ல. நான் எடுக்கப் போனது வெந்தயம். அத மாத்துங்க" என்றாள்.

மாற்றவில்லை, அவள் சொன்னதை அப்படியே கீழே சேர்த்திருக்கிறேன். நாளை வாக்கரைப் பிடித்துக்கொண்டு அடுப்படிக்கு வந்து ஸ்டூலில் உட்கார்ந்து அவளே பருப்புப் போடுவதாகச் சொல்லியிருக்கிறாள். நான் வெங்காயம்.